மூன்றாம் வருஷத்துப் படையல்

எங்கள் சமையல் பள்ளிக்கு வருகிற வெளிநாட்டுக்காரர்கள் சதுர்னினா அக்காவைப் பார்த்ததும் படம் எடுக்க ஆரம்பித்துவிடுவார்கள். இரண்டு பின்னல், உயரமான தொப்பி, கறுப்புப் பாவாடை, கறுப்புச் சால்வை. இது மலைநாட்டுப் பாரம்பரிய உடை என்று எங்கள் முதலாளி ரெனாத்தோ ஆங்கிலத்தில் சொல்லி வைப்பான். பாரம்பரியமும் இல்லை, ஒரு மண்ணும் இல்லை. புருஷன் செத்ததற்குக் கட்டிய துக்கக் கறுப்பு அது.

நான் ஹசிந்தா. அதே பள்ளியில் பாத்திரம் தேய்க்கிறேன், வெங்காயம் உரிக்கிறேன், கூப்பிட்ட குரலுக்கு ஓடுகிறேன். பள்ளி என்றதும் கரும்பலகையை நினைக்க வேண்டாம். குஸ்கோ நகரத்தில் சான் பிளாஸ் மேட்டில் ஒரு நீளமான அறை, வரிசையாக அடுப்புகள், நடுவில் பெரிய மேசை. காலையில் விருந்தாளிகளைச் சந்தைக்குக் கூட்டிப்போய் உருளைக்கிழங்கைத் தடவிப் பார்க்க விடுவோம். பிறகு இங்கே கொண்டுவந்து ஆளுக்கொரு முன்கச்சையும் கத்தியும் கொடுப்போம். அவரவர் கையால் சமைத்ததை அவரவர் சாப்பிட வேண்டும் என்பது வகுப்பின் சட்டம். முக்கால்வாசி வேலையை நாங்கள் முன்பே முடித்து வைத்திருப்போம் என்பது அவர்களுக்குத் தெரியாது. வேகவைத்ததை வேகவைப்பார்கள், நறுக்கியதை நறுக்குவார்கள், பெரிய சாதனை செய்ததுபோல் ஒருவரை ஒருவர் கட்டிக்கொள்வார்கள். காலையில் ஒரு கூட்டம், மத்தியானம் ஒரு கூட்டம். வகுப்பு எடுக்கிற சதுர்னினா அக்கா தினமும் அதே இடத்தில் அதே வேடிக்கையைச் சொல்லுவாள், ரெனாத்தோ மொழிபெயர்ப்பான், அவர்கள் அதே இடத்தில் சிரிப்பார்கள். அந்தச் சிரிப்பைக் கேட்டாலே எனக்குக் கால் வலிக்கும்.

அக்கா அகோமாயோ பக்கம் பிறந்தவள். அடுப்புத் திண்டு எட்டாத வயதில், கீழே பெட்டி போட்டு ஏறி நின்று சமைக்கிற வேலைக்கு ஒரு வக்கீல் வீட்டுக்கு வந்து சேர்ந்தாள். அங்கிருந்து ஒரு சாப்பாட்டுக் கடை, கடையிலிருந்து கல்யாணம், கல்யாணத்திலிருந்து மறுபடி கடை. கட்டிக்கொண்டது எவாரிஸ்தோ என்ற லாரிக்காரனை. கில்யபம்பாவுக்கும் குஸ்கோவுக்கும் பழமும் காப்பிக்கொட்டையும் ஏற்றிப் போய் வந்தவன். எப்போது வருவான் என்று யாருக்கும் தெரியாது. வந்தால் சூடாகச் சோறு இருக்க வேண்டும். கை கழுவ மாட்டான், வாயைத் திறந்து ஒரு வார்த்தை பேச மாட்டான், நேராக நாற்காலியில் உட்காருவான். சாப்பிட்டு முடித்ததும் தட்டைத் தள்ளிவிட்டுப் படுத்துக்கொள்வான்.

"கெட்டவன்னு சொல்ல மாட்டேன்டி" என்பாள் அக்கா. "அடிச்சதில்ல. வேற பொம்பள பின்னாடி போனதில்ல. சாப்பிட்டான், அவ்வளவுதான். என் மூஞ்சியப் பாத்து ஒரு நாள் சாப்பிட்டிருப்பானா? தட்டத்தான் பாப்பான்."

முப்பது வருஷத்துக்கு மேல் இப்படி ஆக்கிப் போட்டாள். பிள்ளைகள் இரண்டும் வளர்ந்து தலைநகர் லீமா பக்கம் போய்விட்டன. எவாரிஸ்தோ ஒரு நாள் வண்டியை ஓரமாக நிறுத்தி, ஸ்டியரிங்கில் தலை வைத்து, அப்படியே போய்ச் சேர்ந்தான். மாரடைப்பு என்றார்கள். சாப்பாடு அவனோடு முடியவில்லை. எங்கள் ஊரில் செத்தவர்கள் அனைத்துப் புனிதர் திருநாளன்று, நவம்பர் ஒன்றாம் தேதி, உச்சி மணி அடிக்கும்போது வீட்டுக்கு வருவார்கள். அவர்களுக்குப் பிடித்ததைப் பெண்டாட்டி தன் கையால் ஆக்கி, யாரும் ருசி பார்க்காமல், ஆவி பறக்க மேசையில் வைக்க வேண்டும். புதிதாகப் போனவருக்கு இது மூன்று வருஷம். மூன்றாவது வருஷம் வழியனுப்பு. சாப்பிட்டதும் வாசல்வரை கொண்டுவிட்டு, போய் வா என்று சொல்லாமல் போ என்று சொல்லிவிட வேண்டும். அதோடு கறுப்பைக் கழற்றலாம். அன்றைக்குத் தட்டு வைக்கத் தவறினால், பசியோடு திரும்பிப் போகிறவன் வருஷா வருஷம் வந்து நிற்பான் என்பார்கள்.

அக்காவுக்கு அந்த மூன்றாவது வருஷம் எப்போது வரும் என்று இருந்தது. வெளியே சொல்ல மாட்டாள், என்னிடம் மட்டும் சொன்னாள்.

"எனக்கு அழுகை எல்லாம் முடிஞ்சு போச்சு ஹசிந்தா. அலுப்புதான் மிச்சம். உசுரோட இருந்தவனுக்கும் ஆக்கினேன், செத்தவனுக்கும் ஆக்கினேன். இந்த ஒரு தட்ட ஒழுங்கா வச்சு அனுப்பிட்டேன்னா, அப்புறம் என் வீட்டு அடுப்ப நான் நினைச்சா பத்தவைப்பேன், இல்லன்னா பத்தவைக்க மாட்டேன்."

இப்படி இருக்கும்போதுதான் ரெனாத்தோ வந்து நின்றான். லீமாக்காரன், நல்ல சட்டை போடுவான், எங்கள் எல்லாரையும் மாமிதா என்பான். அம்மாவே என்று குழைகிற சொல் அது. அவன் வாயில் அது வந்தால் ஏதோ கூடுதல் வேலை பின்னால் வருகிறது என்று அர்த்தம்.

"மாமிதா, ஒண்ணாந் தேதி ஒரு குரூப் வருது. நீங்க இல்லாம நடக்காது."

"அன்னைக்கு என் வீட்டுல படையல் தம்பி. மூணாவது வருஷம்."

"தெரியும் தெரியும். வகுப்பு முடிஞ்சதும் நானே டாக்சி வச்சு அனுப்பிடுறேன்."

"வகுப்பு முடியறதுக்குள்ள அவன் வந்துட்டுப் போயிடுவான். உச்சிக்கு வருவான்."

ரெனாத்தோ தலையைச் சொறிந்தான். "கொஞ்சம் லேட்டா வைக்கக் கூடாதா?"

"உசுரோட இருக்கும்போதே அவன் காத்திருந்ததில்ல" என்றாள் அக்கா.

வர முடியாது என்று சொல்லலாம்தான். முன்பு அப்படிச் சொன்னவள் ஒருத்தி இருந்தாள், அதற்குப் பிறகு அவள் முன்கச்சை வேறொருத்தியின் இடுப்பில் இருந்தது. அன்றைக்கு என்ன சமையல் என்று அக்கா கேட்டாள். மீனும் எலுமிச்சையும் என்றான். மாற்று, கறி அடைத்த ரொகோத்தோ மிளகாய் வை என்றாள். அந்த அளவுக்கு விட்டுக்கொடுக்க ரெனாத்தோவால் முடிந்தது.

அவன் போனதும் எனக்குப் புரிந்தது. அடைத்த ரொகோத்தோதான் எவாரிஸ்தோவுக்கு உயிர்.

"இங்கயே படையல் போடப் போறியா அக்கா?"

"வேற வழி?"

"வீட்ட விட்டுட்டு இங்க வருவாரா? வழி தெரிய வேணாமா?"

"லாரி ஓட்டினவன்தானே. சாப்பாட்டு வாசனை வந்தா எந்த மேட்டுலயும் வண்டிய ஏத்திடுவான்."

சிரித்தோம். சிரித்து முடித்தபோது இரண்டு பேருக்குமே அது சிரிப்பாக இல்லை.

திருநாளன்று நகரம் முழுக்கக் கல்லறைப் பக்கம் பூவோடு போய்க்கொண்டிருந்தது. நாங்கள் மட்டும் எதிர்த்திசையில், சந்தைக்கு. பன்னிரண்டு பேர் வர வேண்டிய கூட்டத்தில் ஒருவர் இல்லை. மலைக்காற்று ஒத்துக்கொள்ளாமல் ஓட்டலில் படுத்துவிட்டாராம், கொக்கா இலைத் தண்ணீர் கொடுத்திருக்கிறார்களாம். வர மாட்டார் என்றான் ரெனாத்தோ. பள்ளிக்குத் திரும்பியதும் அக்கா, மேசையில் வாசல் ஓரத்து நாற்காலியின் முன்னால் இருந்த விருந்தாளிச் சாமான்களை எடுத்துவிட்டு, பையிலிருந்து எவாரிஸ்தோவின் படத்தை எடுத்துச் சாய்த்து வைத்தாள்.

ரெனாத்தோ பார்த்துவிட்டான். "மாமிதா, செத்தவங்க படம் சாப்பிடுற இடத்துல வேணாம். சிலபேருக்கு ஒரு மாதிரி இருக்கும்."

"தட்டு வைக்கலாமா?"

"தட்டு வைங்க. மெழுகுவத்தி கூட வைங்க, அழகா இருக்கும். படம் மட்டும் வேணாம்."

அக்கா படத்தை மேசை இழுப்பறைக்குள் வைத்து மூடினாள். எனக்கு அவன் காதைத் திருக வேண்டும்போல் இருந்தது.

ரொகோத்தோ மிளகாயைப் பார்த்தால் தக்காளிபோல உருண்டு சிவந்து சாதுவாக இருக்கும். அறுத்தால் உள்ளே கறுப்பு விதை. அதைச் சுரண்டி, நரம்பைக் கிழித்து, சர்க்கரை போட்ட தண்ணீரில் கொதிக்கவைத்துக் கொட்டி, மறுபடி கொதிக்கவைத்துக் கொட்டினால்தான் வெளியூர்க்காரர் வாயில் வைக்க முடியும். பிறகு கொத்துக்கறி, கடலை, பட்டாணி எல்லாம் வதக்கி அடைத்து, அடித்த முட்டையில் முக்கிப் பொரித்து எடுப்போம். எவாரிஸ்தோவுக்கு நரம்பைக் கிழிக்கக் கூடாது. ஒரே ஒரு தண்ணீர், அதுவும் பேருக்கு.

விருந்தாளிகள் விதை சுரண்டினார்கள். ஒரு அம்மாள் சொல்லச் சொல்லக் கேளாமல் கண்ணைக் கசக்கிவிட்டாள், அவளைக் குழாயடிக்குக் கூட்டிப்போய் எண்ணெய் தடவிக் கை கழுவிவிட்டேன். ரெனாத்தோ ஒவ்வொரு கட்டத்திலும் ருசி பாருங்கள், ருசி பாருங்கள் என்று கத்திக்கொண்டிருந்தான். உற்சாகமான ஒரு பையன் கரண்டியோடு அக்காவின் வாணலிக்கே வந்துவிட்டான். அக்கா அவன் கையில் பட்டென்று ஒன்று வைத்தாள். அதுவும் பாடத்தில் ஒரு பகுதி என்று நினைத்துக் கூட்டம் சிரித்தது.

உச்சி நெருங்கும்போது அக்கா அந்த ஒரு மிளகாயைப் பொரித்து, வாசலோரத் தட்டில் வைத்தாள். பக்கத்தில் வேகவைத்த உருளைக்கிழங்கு, குழந்தை வடிவில் சுட்ட திருநாள் ரொட்டி, ஒரு கிளாஸ் பீர், மெழுகுவத்தி. மற்றவர்கள் தங்கள் அடுப்புகளில் முட்டையோடு போராடிக்கொண்டிருந்தார்கள். ரெனாத்தோ அந்தக் கோடியில் படம் எடுத்துக்கொண்டிருந்தான். கீழே பேராலயத்தில் மணி அடித்தது. அக்கா கைகளை முன்கச்சைக்குள் வைத்துக்கொண்டு மெதுவாகச் சொன்னாள்.

"எவாரிஸ்தோ, வா. சாப்பிடு. போயிடு."

கதவு திறந்தது.

வந்தவர் பெரிய உடம்புக்காரர், வயசாளி. முகம் சுண்ணாம்பாக வெளுத்திருந்தது. படியேறி வந்த மூச்சு நிற்கவில்லை. ஓட்டலில் படுத்திருந்த அந்தப் பன்னிரண்டாவது விருந்தாளி. யோஸ்ட் என்று பேர், ஹாலந்துக்காரர் என்று பிற்பாடு தெரிந்தது. எதிரே நாற்காலி இருந்தது, முன்னால் சூடான தட்டு இருந்தது. தாமதமாக வரும் தனக்கு எடுத்து வைத்திருக்கிறார்கள் என்று நினைத்திருப்பார். கை கழுவவில்லை, ஒரு வார்த்தை பேசவில்லை. உட்கார்ந்தார், முள்கரண்டியை எடுத்தார், சாப்பிட ஆரம்பித்தார்.

பாய்ந்து போகப் பார்த்தேன், அக்கா என் கையைப் பிடித்துக்கொண்டாள்.

"கை வைக்காத."

"அக்கா, அது எவாரிஸ்தோவோடது."

"இந்த நேரத்துக்கு வந்து உக்காந்தவன எழுப்பக் கூடாதுடி. செத்தவனுக்கு ஏது வாய்? வந்தவன் வாயத்தான் வாங்கிக்குவான். உங்க ஊர்ல சொல்ல மாட்டாங்களா?"

எங்கள் ஊரிலும் சொல்வார்கள்தான். "இந்தப் பரங்கி வாயயா?" என்றேன்.

"கெடச்ச வாய்."

நரம்பு கிழிக்காத ரொகோத்தோ தன் வேலையைக் காட்டியது. அவருக்கு நெற்றியில் வேர்த்தது, கண்ணில் நீர் ஊற்றியது, மூக்கைத் துடைத்துக்கொண்டார். ஆனால் நிறுத்தவில்லை. தலை நிமிரவில்லை. தட்டையே பார்த்துச் சாப்பிட்டார். ரொட்டியால் தட்டை வழித்து, பீரைக் குடித்து, தட்டைத் தள்ளி வைத்துவிட்டுப் பின்னால் சாய்ந்து கண்ணை மூடிக்கொண்டார்.

அக்கா வழக்கம்போலத் தட்டை எடுக்கக் கை நீட்டினாள். கை பாதியில் நின்றுவிட்டது.

"சாப்பிட்டான்" என்றாள். "தள்ளிட்டான். இவ்வளவுதானா?"

படையல் ஏற்றுக்கொண்டாகிவிட்டது, இனி வாசல்வரை விட்டால் முடிந்தது, இதற்குத்தானே காத்திருந்தாய் என்று சொல்லலாம். ஆனால் அவ்வளவு வருஷத்து அலுப்பும் அவள் முகத்தில் அப்படியே வந்து உட்கார்ந்திருந்தது.

"அவன் போறதுக்கு வேண்டியதெல்லாம் நான் செஞ்சாச்சு ஹசிந்தா. எனக்கு என்ன செஞ்சிட்டுப் போறான்?"

அதற்குள் ரெனாத்தோ ஓடிவந்துவிட்டான். விருந்தாளியைத் தட்டிக்கொடுத்து ஆங்கிலத்தில் ஏதோ விசாரித்துவிட்டு எங்கள் பக்கம் திரும்பினான். "ஐயோ மாமிதா, இவர் ஒண்ணுமே சமைக்காம சாப்பிட்டுட்டாரே. வகுப்பே கெடைக்கலன்னு இன்டர்நெட்ல எழுதிடுவாங்க. சீக்கிரமா ஒண்ணு நீங்களே செஞ்சு, கடைசில அவர் கையில கரண்டியக் குடுத்துடுங்க, நான் போட்டோ எடுத்துக்கறேன்."

"நான் செய்ய மாட்டேன்" என்றாள் அக்கா.

"மாமிதா?"

"அவர எந்திரிக்கச் சொல்லு. கை கழுவச் சொல்லு. அவரே ஆக்கட்டும்."

சொல்லிவிட்டு விருந்தாளிகளின் நாற்காலி ஒன்றை அடுப்புக்கு எதிரே இழுத்துப் போட்டு உட்கார்ந்துவிட்டாள். அந்த அறையில் அவள் உட்கார்ந்து நான் அதுவரை பார்த்ததில்லை.

யோஸ்ட் சந்தோஷமாகவே எழுந்தார். சாப்பாடு உள்ளே போனதில் முகத்தில் கொஞ்சம் ரத்தம் வந்திருந்தது. முன்கச்சை அவர் வயிற்றைச் சுற்றி வரவில்லை, நான் கயிறு சேர்த்துக் கட்டிவிட்டேன். மிளகாயை அறுத்தார், விதையைத் தரையெல்லாம் கொட்டினார், வெங்காயத்தை ஒன்று பெரிதும் ஒன்று சிறிதுமாக நறுக்கினார். வழக்கமாக இந்த இடத்தில் அக்கா கத்தியை வாங்கித் தானே முடித்துவிடுவாள். இப்போது கையை மடியில் வைத்துக்கொண்டு வாயால் மட்டும் சொன்னாள். முதலில் ஸ்பானிஷில் சொன்னாள், ரெனாத்தோ மொழிபெயர்த்தான். போகப் போக எங்கள் மலைநாட்டுப் பாஷையான கெச்சுவாவுக்குத் தாவிவிட்டாள்.

"கறியக் கிண்டு. அடி பிடிக்குது பாரு. பையன் ஜொரத்துல கெடந்தப்போ ராத்திரி பூரா நான் ஒருத்தியா கிண்டினேன், நீ வந்து கஞ்சி ஆறிப்போச்சுன்ன. உப்புப் போடு. என் அம்மா செத்த அன்னைக்கும் உனக்குச் சோறு வச்சுட்டுத்தான் போனேன். எனக்குப் பசிக்குதான்னு நீ கேட்டியா? ஒரு நாள் கேட்டியா? முட்டைய அடி, நல்லா அடி."

குரல் உயரவில்லை. திட்டுவதுபோலவே இல்லை, சந்தைக்கணக்கு சொல்வதுபோல் இருந்தது. யோஸ்ட் ஒவ்வொரு வாக்கியத்துக்கும் தலையை ஆட்டிக்கொண்டு, வியர்வை வழிய, முட்டையை அடித்துக்கொண்டிருந்தார். லீமாக்காரனுக்குக் கெச்சுவா தெரியாது.

"என்ன சொல்றாங்க?" என்று என்னிடம் கேட்டான் ரெனாத்தோ.

"எண்ணெய் நல்லாக் காயட்டுங்கறாங்க."

அவன் அதை மொழிபெயர்த்தான். எண்ணெய் தேவைக்கு மேல் காய்ந்தது. மிளகாயை உள்ளே விட்டதும் புகை கிளம்பியது, யோஸ்ட் பயந்து பின்வாங்கி, மறுபடி வந்து, புரட்டுவதற்குள் ஒரு பக்கம் கருகிவிட்டது. அதைத் தட்டில் எடுத்து வைத்துவிட்டு, குற்றம் செய்தவர்போல எங்களைப் பார்த்தார். சட்டப்படி அவர் சமைத்ததை அவரே சாப்பிட வேண்டும்.

"இங்க கொண்டு வரச் சொல்லு" என்றாள் அக்கா.

அவர் தட்டின் ஓரத்தைத் துணியால் துடைத்தார். இரண்டு கையாலும் கொண்டுவந்து அவள் முன்னால் வைத்தார். முள்கரண்டி மறந்துவிட்டது, திரும்பி ஓடிப்போய் எடுத்துவந்தார். பிறகு போகவில்லை. நன்றாக இருக்கிறதா இல்லையா என்று தெரிந்துகொள்ள அவள் முகத்தையே பார்த்துக்கொண்டு நின்றார்.

அக்கா வெட்டி வாயில் வைத்தாள். மென்றாள். வெளியே கரி, உள்ளே பாதி வேக்காடு, பக்கத்தில் நின்ற எனக்கே தெரிந்தது.

"எப்படி இருக்கு அக்கா?"

"மோசம்" என்றாள். இன்னொரு வாய் எடுத்தாள். அப்புறம் இன்னொன்று. அவசரப்படாமல், யாருக்கும் பரிமாற எழுந்திருக்காமல், கருகலைக்கூட ஒதுக்காமல் முழுவதையும் சாப்பிட்டாள். ஆறிப்போவதற்குள் ஒரு சாப்பாட்டை அவள் முடித்ததை நான் அன்றைக்குத்தான் பார்த்தேன். எனக்குத் தாங்கவில்லை. குழாயடிக்குப் போய்த் தண்ணீரைத் திறந்துவிட்டுக்கொண்டு அழுதேன். திரும்பி வந்தபோது காலித் தட்டை யோஸ்டே கொண்டுவந்து என் தொட்டியில் போட்டார்.

கூட்டம் கலைந்து கிளம்பியபோது அக்கா எழுந்து, கறுப்புச் சால்வையைக் கழற்றி மடித்து நாற்காலி முதுகில் போட்டுவிட்டு, யோஸ்டோடு வாசல்வரை நடந்தாள். நானும் பின்னால் போனேன். வழியனுப்பு இது என்று எங்கள் இரண்டு பேருக்கு மட்டும்தான் தெரியும். போ என்று ஒரு வார்த்தை அவள் சொல்ல வேண்டும், அவ்வளவுதான் பாக்கி. அவள் வாயைத் திறப்பதற்குள் அவர் அவள் கையைப் பிடித்துக்கொண்டு ஏதோ நீளமாகச் சொன்னார்.

ரெனாத்தோ முகமெல்லாம் பல்லாக மொழிபெயர்த்தான். "அடுத்த வருஷமும் இதே நாள் வர்றாராம் மாமிதா. வந்தே தீருவாராம்."

மூன்று வருஷமாக இதற்கா காத்திருந்தாள்? அக்கா அவர் முகத்தை நிதானமாகப் பார்த்தாள். எண்ணெய் தெறித்து அவர் புறங்கையில் கொப்பளித்திருந்த இடத்தை விரலால் தொட்டுப் பார்த்தாள்.

"வரச் சொல்லு" என்றாள். "ஆனா ஆக்குறது அவன்தான்னு சொல்லிடு."